நீக்கப்பட்ட செய்தி

பொறுப்பு முதல்வர் என்று
கதவில் ஒட்டிய தாளின் பசை காயுமுன்
ஊரடங்கு.
வணிகவியல் நடத்திக்கொண்டிருந்தவள் நான்.
பற்றும் வரவும் சமப்பட்டால் போதும் என்று
இருபது வருஷம் சொல்லிக்கொடுத்தவள்.

ஒத்தக்கடை சமுதாயக் கல்லூரியில்
நாற்பத்தோரு குளிர்சாதனப் பையன்கள்.
பாதிப்பேர் பத்தாவதில் தவறியவர்கள்.
ஸ்பேனர் பிடித்தால் தவறாதவர்கள்.
கேன்டீன் பூட்டு. பட்டறை பூட்டு.
யானைமலை மட்டும்
ஜன்னலுக்கு வெளியே வழக்கம்போல் படுத்திருந்தது,
முகக்கவசம் இல்லாமல்.

வைகாசியில் ஒரு கடிதம்.
பெரியாஸ்பத்திரிப் பிணவறையில்
குளிரறை ஒன்று நின்றுவிட்டது.
கம்பெனி ஆள் வர மறுக்கிறார்.
தங்கள் மாணவர்களை அனுப்பி உதவ வேண்டுகிறோம்.
வேண்டுகிறோம் என்றுதான் இருந்தது.
கீழே பச்சை மையில் இருந்த கையெழுத்து
வேண்டிப் பழகிய கையுடையது அல்ல.

அரசாணை தேடினேன். இல்லை.
காப்பீடு உண்டா என்று போனில் கேட்டேன்.
"மேடம், பாடி வராண்டால கெடக்கு" என்றார் ஒருவர்.
அதற்கு மேல் என்னிடம் கேள்வி இல்லை.

இரவு பத்தரைக்கு வாட்ஸப் குழுவில் போட்டேன்.
கட்டாயம் இல்லை. விருப்பம் உள்ளவர் மட்டும்.
பதினெட்டு முடிந்தவர் மட்டும். வீட்டில் கேட்டுவிட்டு.
முப்பத்தேழு பேர் பார்த்தார்கள்.
துளசிராம் மாஸ்டர்தான் முதலில்: நான் போறேன்.
பிறகு சோணைமுத்து, ஒரு கட்டைவிரல்.
பிறகு காஜா மைதீன்:
மேடம் பைக்குக்கு பெட்ரோல் காசு தருவீங்களா.
பதினொன்று ஐந்துக்கு
நான்காவதாக ஒருவன் ஏதோ எழுதினான்.
கண்ணாடியைத் தேடி எடுப்பதற்குள்
இந்தச் செய்தி நீக்கப்பட்டது.

பெயர் தெரியும். சொல்ல மாட்டேன்.

காலையில் கேட்டுக்கு வெளியே சோணைமுத்துவின் அம்மா.
நரசிங்கத்திலிருந்து நடந்தே வந்திருந்தார்.
திட்டட்டும் என்று நின்றேன்.
தூக்குச்சட்டியை மதில்மேல் வைத்துவிட்டு
ஆறடி தள்ளிப் போய்ச் சொன்னார்:
"வெறும் வயித்தோட அனுப்பிராதீங்க.
போயிட்டு வந்தா அவனுக்குச் சோறு எறங்காது."

அனுப்பினேன்.
மெடிக்கலில் கடன் சொல்லி மூன்று கவச உடை,
ஒரு கடிதம், என் முத்திரை.
அனுப்புவது என்ன மாதிரி வினை?
போகிறவன் போகிறான்.
அனுப்பியவள் மின்விசிறிக்குக் கீழே
போனைக் கவிழ்த்தும் நிமிர்த்தும் வைக்கிறாள்.

இரண்டு மணிக்கு மாஸ்டர் ஒரு படம் அனுப்பினார்.
செப்புக் குழாய் இணைப்பில் சோப்பு நுரை,
ஒற்றைக் குமிழி உப்பி நிற்கிறது.
கசிவு இங்கதான்.
படத்தின் ஓரத்தில்
வெள்ளைத் துணி சுற்றிய பாதங்கள்.
வெட்டிவிட்டு அனுப்ப அவருக்கு நேரமில்லை.
ஐந்தரைக்கு இன்னொரு வரி:
நாலு டிகிரி. நிக்குது.

ஒன்பதாம் நாள் மாஸ்டருக்குக் காய்ச்சல்.
பிழைத்தார். வாசனை மட்டும் திரும்பவில்லை.
வயர் கருகினால் இப்போது பையன்கள்தான்
அவருக்குச் சொல்ல வேண்டும்.
எங்கே தொற்றியது என்று
அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.
இதை எந்தப் பக்கம் எழுதுவது,
பற்றிலா, வரவிலா?

ஐப்பசியில் ஆய்வுக்குழு வந்தது.
செய்முறைத் தேர்வே நடக்காத பருவத்தில்
இரண்டு பேருக்கு மட்டும்
ஐம்பதுக்கு ஐம்பது எப்படி?
புறத்தேர்வாளர் கையெழுத்து எங்கே?
நுரைப் படத்தைக் காட்டினேன்,
ஓரத்தைக் கட்டைவிரலால் மறைத்துக்கொண்டு.
விரலை எடுக்கச் சொன்னார்.
எடுத்தேன்.
கோப்பை மூடி, பாதி டீயை விட்டு எழுந்தார்.
நெருக்கடியிலும் சிறந்த தலைமை என்று
ஒரு வரி எழுதிப் போனார்கள்.

அந்த இரவைப் பற்றி
அவர்கள் கேட்காத ஒன்று உண்டு.
பத்து ஐம்பதுக்கு,
காஜாவின் பெட்ரோல் கேள்விக்குப் பிறகு,
நானும் தட்டினேன்,
நானும் வருகிறேன் என்று.
அந்தப் பையனாவது அனுப்பிவிட்டு நீக்கினான்.
நான் ஒவ்வோர் எழுத்தாக
பின்னாலிருந்து அழித்தேன்,
நீக்கியது என்ற அடையாளம்கூட விழாதபடி.